யாரும் ஆஜராகலைன்னு வழக்கு தள்ளுபடி: கடலூர், புதுவை கோர்ட்டுகளில் திரும்பக் கோப்புக்கு எடுக்க வைப்பது எப்படி?

கெடிலக்கரை | 18 ஆகஸ்ட் 2025, காலை 9:12

விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்க. கடலூர் முன்சீப் கோர்ட்டில் ஒரு அசல் வழக்கு. விளம்புகையும் (உரிமை யாருக்கு என்ற அறிவிப்பு) நிரந்தர உறுத்துக்கட்டளையும் (தடை உத்தரவு) கேட்டுப் போட்டது. பிரதிவாதி இரண்டு பேர், அதில் 2-ம் பிரதிவாதி எப்பவோ எக்ஸ்பார்ட்டி (ஆஜராகாததால் ஒருதலைப்பட்சமாக வைக்கப்பட்டவர்). விசாரணைக்கு லிஸ்டில் வந்து, வாதி சாட்சிக்குப் போட்டிருந்த நாளில் வாதியும் வரலை, வக்கீலும் வரலை. ஜூன் 3-ம் தேதி தள்ளுபடி. இ-கோர்ட்ஸ் செயலியில் பார்த்தால் "அன்கன்டெஸ்டட், டிஸ்மிஸ்டு ஃபார் டிஃபால்ட்" (எதிர்ப்பின்றி, ஆஜராகாததால் தள்ளுபடி) என்று காட்டுது. அப்பீல் போடணுமா, புது வழக்கு போடணுமா, மனு போடணுமா? ஒவ்வொருத்தர் ஒவ்வொன்று சொல்றாங்க.

---

மஞ்சக்குப்பம் | 18 ஆகஸ்ட் 2025, காலை 10:40

அப்பீல் கிடையாது. அதை முதலில் ஒதுக்கி வைத்துவிடுங்கள். டிஃபால்ட்டில் தள்ளுபடி செய்யும் உத்தரவு "டிக்ரி" (தீர்ப்பாணை) ஆகாது என்று சி.பி.சி. (உரிமையியல் நடைமுறைச் சட்டம்) பிரிவு 2(2) நேராகவே சொல்கிறது. டிக்ரி இல்லாத இடத்தில் பிரிவு 96 அப்பீல் எப்படி வரும்? சிலர் அப்பீல் என்று அலைந்து இரண்டு மாதம் தொலைக்கிறார்கள்.

மீதி இரண்டில் எது என்பதை செயலி சொல்லாது. வழக்குக் கட்டுக்குள் இருக்கும் டாக்கெட் ஷீட்டில் (ஒவ்வொரு நாள் நடவடிக்கையும் எழுதும் தாள்) அன்றைக்கு நீதிபதி எழுதிய இரண்டு வரிதான் சொல்லும். வாதி தரப்பும் இல்லை, பிரதிவாதி தரப்பும் இல்லை என்றிருந்தால் அது சி.பி.சி. கட்டளை 9 விதி 3. வாதி இல்லை, பிரதிவாதி தரப்பு ஆஜர் என்றிருந்தால் விதி 8. இரண்டுக்கும் செயலியில் ஒரே சொல்தான் வரும், ஆனால் பாதை வேறு வேறு.

விதி 3 என்றால் விதி 4 உங்களுக்கு இரண்டு கதவு திறந்து வைத்திருக்கிறது. அதே காரணத்துக்குப் புது வழக்கு போடலாம், அல்லது பழைய வழக்கைத் திரும்பக் கோப்புக்கு எடுக்கச் சொல்லலாம். புது வழக்கு போடுவதானால் காலவரையறை ஓடிக்கொண்டே இருக்கும், பழைய வழக்கில் கழிந்த வருஷங்களைக் கழித்துத் தரமாட்டார்கள். காலவரையறைச் சட்டம் பிரிவு 14 அதிகார வரம்பு இல்லாத கோர்ட்டில் நல்லெண்ணத்தோடு நடத்தியவருக்கானது, ஆஜராகாமல் விட்டவருக்கு அல்ல. கோர்ட் கட்டணமும் மறுபடி முழுசாக.

விதி 8 என்றால் புது வழக்குக் கதவு அடைத்தாகிவிட்டது. விதி 9 அதே வழக்கு மூலத்தில் மறு வழக்கைத் தடுக்கிறது. தள்ளுபடியை ரத்து செய்யக் கேட்டு அதே கோர்ட்டில் மனு போடுவது ஒன்றே வழி. ஒரு பிரதிவாதி ஆஜரானாலே விதி 8-தான், இன்னொருவர் எக்ஸ்பார்ட்டி என்பதால் அது விதி 3 ஆகிவிடாது.

ஆகவே நாளைக்கே வக்கீலையோ குமாஸ்தாவையோ அனுப்பி டாக்கெட்டைப் பார்க்கச் சொல்லுங்கள். வார்த்தைக்கு வார்த்தை எழுதிக்கொண்டு வரவேண்டும்.

---

வில்லியனூர் | 18 ஆகஸ்ட் 2025, மதியம் 12:05

மேலே சொன்னதோடு நாள் கணக்கு. இதில்தான் நிறைய மனு திரும்பி வருது.

திரும்பக் கோப்புக்கு எடுக்கக் கேட்கும் மனுவுக்கு 1963 காலவரையறைச் சட்டம் இனம் 122 (சட்டத்தின் அட்டவணையில் 122-வது பதிவு). தள்ளுபடி ஆன நாளிலிருந்து 30 நாள். நமக்குத் தெரிய வந்த நாளிலிருந்து இல்லை. தெரிய வந்த நாள் கணக்கு எக்ஸ்பார்ட்டி டிக்ரிக்கு, அதுவும் சம்மன் சரியாகப் போய்ச் சேராதபோது மட்டும் (இனம் 123). வாதிக்கு அந்தச் சலுகை கிடையாது.

ஜூன் 3 தள்ளுபடி என்றால் அந்த நாளை விட்டுவிட்டு ஜூன் 4-ஐ முதல் நாளாக எண்ணணும். 30-வது நாள் ஜூலை 3. அதைத் தாண்டிய ஒவ்வொரு நாளும் தாமதம். 20 ஆகஸ்ட் தாக்கல் செய்தால் ஜூலையில் 28, ஆகஸ்டில் 20, ஆக 48 நாள். அபிடவிட்டில் (சத்தியம் செய்து தரும் எழுத்து வாக்குமூலம்) 48, மனுவில் 47, பிரார்த்தனையில் 78 என்று மூன்று இடத்தில் மூன்று எண் இருந்தால் அலுவலகம் திருப்பிவிடும். அதைத் திருத்திக் கொண்டுவர இன்னும் ரெண்டு வாரம் போகும்.

இன்னொன்று, பலருக்குத் தெரியாதது. "நகல் மனு போட்டிருக்கோம், சான்று நகல் வந்த பிறகு போடலாம், அந்த நாள் எல்லாம் கழியும்" என்று உட்கார்ந்திருப்பாங்க. கழியாது. நகலுக்கான நாளைக் கழிக்கும் பிரிவு 12(2) அப்பீல், சீராய்வு, மறு ஆய்வு மாதிரியானவைக்குத்தான். இனம் 122 மனு அந்தப் பட்டியலில் இல்லை. நகல் மனு போட்டு வையுங்க, ஆனால் அதுக்காகக் காத்திருக்காதீங்க. அதே கோர்ட்டில் கட்டு இருக்கு, உத்தரவும் அதில்தான் இருக்கு.

கடைசி நாள் கோர்ட் விடுமுறையில் விழுந்தால் திறக்கிற முதல் நாள் போடலாம், பிரிவு 4. ஏப்ரல் கடைசியில் தள்ளுபடியாகி மே விடுமுறையில் 30 நாள் முடிகிற வழக்குக்கு இது உயிர். திறந்த அன்றே போடணும், மறுநாள் போட்டால் அந்தச் சலுகை இல்லை, தாமத மனு வேணும்.

---

கெடிலக்கரை | 19 ஆகஸ்ட் 2025, மாலை 5:31

டாக்கெட் பார்த்தாச்சு. எழுதியிருப்பது இது: "வாதி அழைக்கப்பட்டார், இல்லை. வாதி தரப்பில் முன்னிலை இல்லை. 1-ம் பிரதிவாதி வழக்கறிஞர் முன்னிலை. மதியம் 12.45 வரை பாஸ் ஓவர் [அன்றே தள்ளி வைத்தல்] செய்யப்பட்டும் முன்னிலை இல்லை. வழக்கு தவறுகைக்காகத் தள்ளுபடி. செலவுத் தொகை இல்லை."

இன்னொரு விஷயம், முதலில் சொல்ல விட்டுப்போச்சு. 1-ம் பிரதிவாதி எதிருரையிலேயே வழிப்பாதை உரிமைக்கு எதிர்வழக்கு போட்டிருக்கார்.

---

மஞ்சக்குப்பம் | 19 ஆகஸ்ட் 2025, இரவு 7:15

விதி 8 என்பது உறுதி. மனு கட்டளை 9 விதி 9-ன் கீழ், அதோடு 48 நாள் தாமதத்துக்குக் காலவரையறைச் சட்டம் பிரிவு 5-ன் கீழ் தனி மனு. ஆக இரண்டு மனு.

ஆனால் இனி அவசரம் அதைவிட எதிர்வழக்கில். வாதியின் வழக்கு தள்ளுபடியானாலும் எதிர்வழக்கு செத்துப்போகாது. கட்டளை 8 விதி 6டி அதைத் தனியாக நடத்தச் சொல்கிறது. அதற்கு வாதி பதிலுரை தாக்கல் செய்தாரா? செய்யவில்லை என்றால் விதி 6இ-ன் கீழ் அந்த எதிர்வழக்கின் மீதே தீர்ப்பு சொல்லிவிட கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. அப்படிச் சொல்லிவிட்டால் வாதி அந்த டிக்ரியை ரத்து செய்யக் கட்டளை 9 விதி 13 மனு போடவேண்டிவரும், இனம் 123, மறுபடி 30 நாள். ஒன்றுக்கு இரண்டாகிவிடும் வேலை.

டாக்கெட்டில் எதிர்வழக்கைப் பற்றி ஒரு வரியும் இல்லையா? ஏ டைரியில் (கோர்ட்டின் அன்றாட வழக்குப் பதிவேடு) அதே எண் வேறு தேதிக்குப் போட்டிருக்கிறதா என்று பார்க்கவேண்டும். செயலியில் "முடிந்தது" என்று காட்டுவதை வைத்து நிம்மதியாக இருக்கக்கூடாது.

---

கெடிலக்கரை | 19 ஆகஸ்ட் 2025, இரவு 8:02

பதிலுரை 2022-லேயே போட்டாச்சு. எதிர்வழக்குக்குத் தனியாக செப்டம்பரில் ஒரு வாய்தா இருக்குன்னு குமாஸ்தா சொல்றார்.

---

மஞ்சக்குப்பம் | 19 ஆகஸ்ட் 2025, இரவு 8:20

நல்லது. அந்த வாய்தாவுக்கு வக்கீல் கட்டாயம் நிற்கவேண்டும். அன்றைக்கே, விதி 9 மனு நிலுவையில் இருக்கிறது, இரண்டையும் சேர்த்து விசாரிக்கவேண்டும் என்று மெமோ போட்டுக்கொள்ளலாம்.

---

திருப்பாதிரிப்புலியூர் | 20 ஆகஸ்ட் 2025, காலை 7:48

அபிடவிட் பற்றி யாரும் தொடவில்லை. மனு நிற்பதும் விழுவதும் அதில்தான், அதனால் விரிவாக எழுதுகிறேன்.

சத்தியம் செய்யவேண்டியவர் வாதி. குமாஸ்தாவின் அபிடவிட்டை வைத்துத் தாக்கல் செய்யாதீர்கள். ஆஜராகாத காரணம் வக்கீல் பக்கத்தில் இருந்தால் அவரும் தனியாக ஒரு அபிடவிட் போடுவது மனுவுக்கு வலு.

இரண்டு மனுவுக்கும் இரண்டு தனித்தனிக் காரணம் வேண்டும் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். விதி 9 மனுவில் கேட்கப்படுவது, ஜூன் 3-ம் தேதி காலை ஏன் வரவில்லை என்பது மட்டுமே. அதற்கு முன்னால் பத்து வாய்தா வாங்கினாரா, சுறுசுறுப்பாக நடத்தினாரா என்பதை வைத்து அந்த ஒரு நாளின் காரணத்தைத் தள்ளக்கூடாது என்று ஜி.பி. ஸ்ரீவத்சவா வழக்கில் 2000-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. எக்ஸ்பார்ட்டி டிக்ரி வழக்கு அது, ஆனாலும் "போதிய காரணம்" என்ற சொல் இரண்டு விதியிலும் ஒன்றுதான். பிரிவு 5 மனுவில் கேட்கப்படுவது வேறு. ஜூலை 3-க்குள் ஏன் மனு போடவில்லை, ஜூலை 4 முதல் தாக்கல் நாள் வரை என்ன நடந்தது? தள்ளுபடி எப்போது தெரிந்தது, யார் சொல்லித் தெரிந்தது, தெரிந்த பிறகு ஒவ்வொரு கட்டமும் எத்தனை நாள் எடுத்தது என்று தேதியோடு எழுதவேண்டும். ஒரே அபிடவிட்டை இரண்டு மனுவுக்கும் நகலெடுத்து ஒட்டினால் எதிர்த்தரப்பு வக்கீலுக்கு வேலை மிச்சம்.

மஞ்சள் காமாலை. நம் பக்கத்துக் கோர்ட்டுகளில் இந்த ஒரு வரி எத்தனை அபிடவிட்டில் வந்திருக்கிறது என்று கணக்கே இல்லை: "மனுதாரர் மஞ்சள் காமாலை நோயால் பாதிக்கப்பட்டு நாட்டு வைத்தியம் பார்த்து வந்தபடியால்". நிஜமாகவே காமாலை வந்தவரையும் இந்த வரி கெடுத்துவிடுகிறது. வந்திருந்தால் பிலிருபின் எவ்வளவு என்று காட்டும் ரத்தப் பரிசோதனைத் தாளை வையுங்கள், தேதி ஜூன் முதல் வாரத்தில் இருக்கவேண்டும். ஆஸ்பத்திரியில் படுத்திருந்தால் டிஸ்சார்ஜ் சம்மரி. ஆகஸ்டில் வாங்கிய ஒற்றை மெடிக்கல் சர்ட்டிஃபிகேட்டை மட்டும் நம்பிப் போகாதீர்கள், குறுக்கு விசாரணையில் முதலில் உடைவது அதுதான்.

இயற்கைப் பேரிடர் காரணமாக இருந்தால் அதையும் ஆவணத்தோடு சொல்லலாம். ஃபெஞ்சல் புயல் 2024 நவம்பர் 30 இரவு புதுச்சேரி அருகே கரை கடந்து, அடுத்த நாட்களில் தென்பெண்ணை வெள்ளம் கடலூர் பக்கத்து ஊர்களில் புகுந்தபோது வீட்டைவிட்டு வெளியே வரவே முடியாதவர்கள் இருந்தார்கள். அந்த வாரத்துத் தள்ளுபடிக்கு அதைவிட நல்ல காரணம் வேண்டியதில்லை. அதே வெள்ளத்தைச் சொல்லி 2025 மார்ச் வரைக்கும் தாமதத்தை விளக்கப் பார்த்தால் நிற்காது.

வழக்கு ஒரு கோர்ட்டிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றப்பட்டு எண்ணும் மாறி, வாதிக்குத் தகவலே போகவில்லை என்றால் அதுவே போதிய காரணம். மாற்ற உத்தரவின் நகலும் பழைய எண், புது எண் இரண்டும் அபிடவிட்டில் இருக்கட்டும். நீதிபதி விடுப்பில் இருந்ததால் அலுவலகம் வெறுமனே மறுதேதி போட்ட நாளில், அல்லது ஏதோ ஆவணம் தாக்கல் செய்ய மட்டும் குறித்த நாளில் தள்ளுபடி ஆகியிருந்தால், அது "விசாரணைக்காக அழைக்கப்பட்ட" நாளே அல்ல என்ற வாதத்தையும் சேருங்கள். விதி 8-ன் சொற்களே அதற்கு ஆதாரம்.

கடைசியாக, வழக்கின் தகுதியைப் பற்றி ஒரு பத்தி போதும். முழு வழக்குரையையும் திரும்ப எழுதவேண்டாம்.

---

பண்ருட்டிப்பலா | 20 ஆகஸ்ட் 2025, காலை 9:30

வக்கீல் தப்புக்குக் கட்சிக்காரர் கஷ்டப்படக்கூடாது என்று சுப்ரீம் கோர்ட்டே சொல்லியிருக்கே? ரஃபீக் வழக்கு, 1981. "வக்கீல் தகவல் சொல்லலை" என்று ஒரே வரியில் எழுதினால் போதாதா?

---

வில்லியனூர் | 20 ஆகஸ்ட் 2025, காலை 10:11

போதாது. ரஃபீக் வழக்கு இன்னும் நல்ல தீர்ப்புதான், யாரும் மாற்றலை. ஆனால் 2024 நவம்பரில் ரஜ்னீஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொல்லிடுச்சு: கட்சிக்காரரும் தன் வழக்கு என்ன ஆச்சுன்னு விழிப்பா இருக்கணும், பழியை வக்கீல் தலையில் போட்டுவிட்டுத் தப்பிக்க முடியாது. இப்போ எதிர்த்தரப்பு எல்லாரும் அதைத்தான் நீட்டுவாங்க. வக்கீலைத் தேடிப் போன தேதி, அனுப்பின வாட்ஸப் செய்தி, பேசின அழைப்புப் பட்டியல், கட்டணம் கட்டின ரசீது, இதெல்லாம் இருந்தால் ரஃபீக் உதவும். ஒன்றுமே இல்லாத வெறும் வரிக்கு உதவாது.

தாமதம் எத்தனை நாள் என்பது முக்கியமில்லை, விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதுதான் முக்கியம் என்றது 1998-ல் என். பாலகிருஷ்ணன் வழக்கு. நம்ம தமிழ்நாட்டு வழக்கு அது, 883 நாள் தாமதம் மன்னிக்கப்பட்டது. 48 நாளுக்கு நேர்மையான விளக்கம் இருந்தால் கவலைப்பட வேண்டியதில்லை.

---

திருப்பாதிரிப்புலியூர் | 20 ஆகஸ்ட் 2025, காலை 10:50

ஒப்புக்கொள்கிறேன். வக்கீல் "நோ இன்ஸ்ட்ரக்ஷன்ஸ்" (கட்சிக்காரர் எதுவும் சொல்லவில்லை) என்று சொல்லி விலகிக்கொண்டதால் தள்ளுபடியான வழக்குகளில் மட்டும் நிலைமை வேறு. அப்போது கட்சிக்காரருக்கு கோர்ட் நோட்டீஸ் அனுப்பியிருக்கவேண்டும். தாஹில் ராம் (1993), மல்கியத் சிங் (1998) இரண்டும் இதைத்தான் சொல்கின்றன. டாக்கெட்டில் அந்தச் சொல் இருந்தால் அபிடவிட்டில் முதல் காரணமே அதுவாக இருக்கட்டும்.

கோர்ட் புறக்கணிப்பு நாளில் தள்ளுபடியானவற்றுக்கு ரமோன் சர்வீசஸ் (2000). மனு ஏற்கப்படலாம், ஆனால் செலவுத் தொகையை வக்கீலும் சுமக்கவேண்டிவரும் என்று அதில் சொல்லியிருக்கிறார்கள்.

---

மஞ்சக்குப்பம் | 20 ஆகஸ்ட் 2025, மதியம் 1:25

தாக்கல் கட்டத்தில் எங்கெல்லாம் சிக்கும் என்று சொல்லிவிடுகிறேன்.

தாமத மனு முதலில் எண்ணாகும், அதாவது கோர்ட் பதிவேட்டில் எண் பெறும். விதி 9 மனு எண்ணில்லாமல் அதோடு கிடக்கும், தாமதம் மன்னிக்கப்பட்ட பிறகுதான் அதற்கு எண் கிடைக்கும். இதைத் தெரியாமல் தாமத மனு அனுமதியானதும் "வழக்கு திரும்பி வந்துவிட்டது" என்று வாதி வீட்டுக்குப் போய்விடுகிறார். எண்ணில்லாத மனுவை எண்ணாக்க யாரும் தொடரவில்லை, அது அலமாரியிலேயே கிடக்கிறது. தாமத மனு முடிந்த அன்றே அதை எண்ணாக்கச் சொல்லிக் கேட்டு, அடுத்த தேதியை எழுதிக்கொண்டு வரவேண்டும்.

எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் கட்டாயம், விதி 9(2). வழக்கில் ஆஜரான வக்கீல் இருந்தால் அவரிடமே நகல் கொடுத்துக் கையெழுத்து வாங்கிவிட்டால் ஒரு வாய்தா மிச்சம். எக்ஸ்பார்ட்டி ஆன 2-ம் பிரதிவாதியையும் மனுவில் எதிர்மனுதாரராகச் சேர்க்கவேண்டும். விட்டால் திரும்பி வரும். நோட்டீஸுக்கு பேட்டா (அதை அனுப்பும் கட்டணம்) கட்டச் சொன்ன தேதிக்குள் கட்டுங்கள். பேட்டா கட்டாமல் மனுவே தள்ளுபடியானால், அந்தத் தள்ளுபடியை ரத்து செய்ய இன்னொரு மனு, அதற்கும் 30 நாள். சி.பி.சி. பிரிவு 141-ன் விளக்கத்தால் கட்டளை 9 மனுவுக்கும் அதே நடைமுறை பொருந்தும், ஆகவே வழி இருக்கிறது, ஆனால் ஒரு தவறின் மேல் இன்னொரு தவறு ஏறிவிட்டால் நீதிபதியின் பொறுமையும் குறையும்.

அலுவலகம் குறை சொல்லித் திருப்பினால், கொடுத்த கெடுவுக்குள் திரும்பத் தாக்கல் செய்யுங்கள். அதுவும் தாண்டினால் மறுதாக்கல் தாமதத்துக்கென்று மூன்றாவது மனு.

---

ஊசுட்டேரி | 20 ஆகஸ்ட் 2025, மாலை 4:02

புதுவைக்காரங்களுக்கு ரெண்டு வார்த்தை. கட்டளை 9-ம் காலவரையறைச் சட்டமும் கடலூர்லயும் இங்கயும் ஒண்ணுதான், ரெண்டுக்கும் மேல சென்னை உயர் நீதிமன்றம்தான். மாறுவது கோர்ட் கட்டணம். அங்கே தமிழ்நாடு சட்டம் 1955, இங்கே புதுச்சேரிக்குத் தனிச் சட்டம். கடலூர்ல வாங்கின ஸ்டாம்பை இங்கே ஒட்டிட்டு வராதீங்க, செல்லாது.

பிரான்சுல இருக்கிறவங்க வழக்கு இங்கே நிறைய. பவர் வாங்கின ஏஜென்ட் பார்த்துக்குவார்னு விட்டு, ஏஜென்ட் மறந்து, டிஃபால்ட்டாப் போனது ஏராளம். அபிடவிட்டை அங்கிருந்தே போடறதானா இந்தியத் தூதரகத்துல சான்று வாங்கி அனுப்பணும். புதுசா ஒரு ஏஜென்டுக்குப் பவர் எழுதி அனுப்பினால், அது இந்தியாவுக்கு வந்து சேர்ந்து மூணு மாசத்துக்குள்ள ஸ்டாம்ப் போடணும் (ஸ்டாம்ப் சட்டம் பிரிவு 18). தபால் உறையைத் தூக்கிப் போடாதீங்க. வந்த தேதிக்கு அதுதான் சாட்சி. ஏஜென்டுக்கு உடம்பு சரியில்லைன்னு காரணம் சொல்றப்ப, வாதி ஏன் மூணு மாசம் அவர்கிட்ட விசாரிக்கலைங்கறதுக்கும் பதில் இருக்கணும்.

---

பண்ருட்டிப்பலா | 20 ஆகஸ்ட் 2025, மாலை 6:44

பாகப்பிரிவினை வழக்குக்கும் இதே விதிதானா? அப்புறம் இ.பி. (டிக்ரியை நிறைவேற்றும் மனு) டிஃபால்ட்டில் போனால்?

---

திருப்பாதிரிப்புலியூர் | 20 ஆகஸ்ட் 2025, இரவு 9:05

பாகப்பிரிவினையில் சொத்து கூட்டாகவே இருக்கும்வரை பிரித்துக் கேட்கும் உரிமை தினமும் புதிதாகப் பிறந்துகொண்டே இருக்கிறது. அதனால் முதல் வழக்கு டிஃபால்ட்டில் போனாலும் இரண்டாவது வழக்கை விதி 9 பொதுவாகத் தடுக்காது. முதல்நிலை டிக்ரி (யாருக்கு எவ்வளவு பங்கு என்று சொல்வது) ஆகிவிட்டால் இன்னும் பாதுகாப்பு. அதற்குப் பிறகு வழக்கை டிஃபால்ட்டில் தள்ளவே முடியாது, 1924-லேயே பிரிவி கவுன்சில் லக்ஷ்மி நாராயண் மார்வாரி வழக்கில் முடித்துவைத்த விஷயம் இது. இறுதி டிக்ரி மனு தள்ளுபடியானால் திரும்பப் போடலாம், அதற்குக் காலவரையறை இல்லை என்பது சுப் கரண் புப்னா, 2009.

நிறைவேற்று மனு வேறு ரகம். கட்டளை 21 விதி 105-ல் தள்ளுபடி, விதி 106-ல் ரத்து மனு, 30 நாள். கட்டளை 21 மனுக்களைப் பிரிவு 5 தன் சொற்களிலேயே விலக்கி வைத்திருக்கிறது. 30 நாள் தாண்டினால் மன்னிக்க முடியாது என்று தாமோதரன் பிள்ளை வழக்கில் 2005-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. டிக்ரிதாரர் டிக்ரி தேதியிலிருந்து 12 வருஷம் முடியாதவரை புது இ.பி. போட்டுக்கொள்ளலாம், ஆகவே பெரிய இழப்பில்லை. ஏல விற்பனையை ரத்து செய்யக் கேட்ட கடனாளி, ஜப்திச் சொத்து தன்னுடையது என்று உரிமை கோரிய மூன்றாம் நபர், இவர்களுக்கு அந்த வசதி கிடையாது. 31-வது நாள் வந்தால் தொலைந்தது. நான் சொல்வதில் எதை மறந்தாலும் இதை மறக்கவேண்டாம்.

மேல்முறையீடு டிஃபால்ட்டில் போனால் கட்டளை 41 விதி 19. மேல்முறையீட்டாளர் வராத நாளில் "வழக்கில் சாரமில்லை" என்று தகுதியின் மேல் தள்ளுபடி செய்ய விதி 17-ன் விளக்கம் இடம் தரவில்லை.

---

வில்லியனூர் | 21 ஆகஸ்ட் 2025, காலை 8:15

நுகர்வோர் புகாரையும் இதோடு குழப்பிக்கறாங்க. மாவட்ட ஆணையம் டிஃபால்ட்டில் தள்ளினால் அதே ஆணையத்துக்கு அதைத் திரும்ப எடுக்கற அதிகாரம் இல்லை (ராஜீவ் ஹிதேந்திர பாதக், 2011). 2019 சட்டம் கொடுத்த மறு ஆய்வு, உத்தரவின் முகத்திலேயே தெரிகிற பிழைக்கு மட்டும். மாநில ஆணையத்துக்கு 45 நாளுக்குள் மேல்முறையீடு போகணும். கடலூருக்குச் சென்னை, புதுவைக்குப் புதுவையிலேயே மாநில ஆணையம்.

---

கெடிலக்கரை | 21 ஆகஸ்ட் 2025, காலை 11:20

நேற்று ரெண்டு மனுவும் தாக்கல் ஆச்சு, 48 நாள் என்றே போட்டிருக்கு. 2-ம் பிரதிவாதியையும் சேர்த்தாச்சு. நன்றி. இன்னும் ஒரு சந்தேகம். வழக்கில் இடைக்கால உறுத்துக்கட்டளை இருந்தது. அது இப்போ இருக்கா, இல்லையா? பிரதிவாதி வேலி போட ஆள் கூப்பிட்டிருக்கார்.

---

மஞ்சக்குப்பம் | 21 ஆகஸ்ட் 2025, மதியம் 12:48

இன்றைக்கு இல்லை. வழக்கு போனதும் அதோடு போய்விட்டது. வழக்கு திரும்பக் கோப்புக்கு வந்தால், கோர்ட் வேறு விதமாகச் சொல்லாதவரை இடைக்கால உத்தரவும் கூடவே உயிர்பெறும், வரீத் ஜேக்கப் வழக்கு, 2004. இடைப்பட்ட காலத்தில் வேலி போட்டால் அது உத்தரவு மீறல் ஆகாது, அதைத்தான் அவர் பயன்படுத்தப் பார்க்கிறார். ஆகவே தாமத மனுவிலேயே, அது முடியும்வரை சொத்தின் நிலையில் மாற்றம் செய்யக்கூடாது என்று சி.பி.சி. பிரிவு 151-ன் கீழ் ஒரு மனு உடனே போடுங்கள். கூடவே வேலி இல்லாத இன்றைய நிலையைத் தேதியோடு புகைப்படம் எடுத்து வையுங்கள். நாளை கோர்ட் நியமித்த கமிஷனர் வந்தால் எது பழசு, எது புதுசு என்று சொல்ல அது வேண்டும். விதி 9 மனு அனுமதியாகும் நாளில், இடைக்கால உத்தரவும் தொடரும் என்று உத்தரவிலேயே எழுதச் சொல்லிக் கேட்கவேண்டும்.

தீர்ப்புக்கு முந்தைய ஜப்தி இருந்த வழக்குகளில் இந்தச் சலுகையும் இல்லை. கட்டளை 38 விதி 11ஏ, வழக்கு திரும்பி வந்தாலும் ஜப்தி தானாகத் திரும்பாது என்கிறது. புதிதாகத்தான் கேட்கவேண்டும்.

---

பண்ருட்டிப்பலா | 21 ஆகஸ்ட் 2025, மாலை 3:36

மனுவையே தள்ளிட்டால்?

---

வில்லியனூர் | 21 ஆகஸ்ட் 2025, மாலை 4:10

விதி 9 மனு தள்ளுபடியானால் கட்டளை 43 விதி 1(சி) படி சி.எம்.ஏ. (உத்தரவை எதிர்த்த உரிமையியல் மேல்முறையீடு). முன்சீப் கோர்ட் உத்தரவுக்குச் சார்பு நீதிமன்றம், 30 நாள். இதுக்கு நகல் வாங்கின நாள் கழியும். தாமத மனுவே தள்ளுபடியானால் சி.எம்.ஏ. இல்லை, சென்னை உயர் நீதிமன்றத்தில் சி.ஆர்.பி. (உரிமையியல் சீராய்வு மனு). விதி 4 மனு தள்ளுபடிக்கும் சி.எம்.ஏ. கிடையாது, ஏன்னா கட்டளை 43-ல் விதி 9-ஐ மட்டும்தான் சொல்லியிருக்கு. மனுவின் தலைப்பில் விதியைச் சரியாகப் போடணும்னு ஆரம்பத்திலேயே டாக்கெட்டைப் பார்க்கச் சொன்னது இதுக்கும் சேர்த்துத்தான்.

---

திருப்பாதிரிப்புலியூர் | 21 ஆகஸ்ட் 2025, மாலை 5:55

அனுமதியானாலும் பெரும்பாலும் செலவுத் தொகை நிபந்தனையோடு வரும். "இந்தத் தேதிக்குள் எதிர்த்தரப்புக்கு இத்தனை ரூபாய் கொடுக்கவேண்டும், தவறினால் மனு தள்ளுபடி" என்று. எதிர்த்தரப்பு வக்கீல் வாங்க மறுத்தால் மறுத்தார் என்று சும்மா விடக்கூடாது. அன்றே மெமோ போட்டுக் கோர்ட்டில் கட்டிவிடுங்கள். கொடுத்திருந்தால் ரசீதை மெமோவோடு தாக்கல் செய்யுங்கள், ரசீது பையில் இருப்பதால் கோர்ட்டுக்குத் தெரியாது. கெடு போதாது என்று தோன்றினால் கெடு முடிவதற்கு முன்பே சி.பி.சி. பிரிவு 148-ல் நீட்டிப்புக் கேளுங்கள்.

---

கெடிலக்கரை | 22 ஆகஸ்ட் 2025, காலை 10:03

பிரிவு 151 மனு இன்று போடறாங்க. நேற்று சாயங்காலமே நாலு பக்கமும் படம் எடுத்தாச்சு, வேலிக்கு இன்னும் குழி கூடத் தோண்டலை.

---

மஞ்சக்குப்பம் | 22 ஆகஸ்ட் 2025, காலை 10:17

படம் எடுத்த கைபேசியை மாற்றவோ அழிக்கவோ வேண்டாம். பிரதி எடுத்து வைத்தாலும் மூலம் அதிலேயே இருக்கட்டும். செப்டம்பர் வாய்தாத் தேதியை வாதியும் தன் காலண்டரில் குறித்துக்கொண்டு, முந்தின நாள் மாலை செயலியில் ஒருமுறை பார்த்துவிட்டு, காலை பத்தரைக்கு முன்னால் கோர்ட் வாசலில் இருக்கட்டும்.